உப்பால் செய்த பனி

(இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



'வடசென்னைக் கவிதைகளில் வறுமை' என்பதே எனக்கு முதலில் தரப்பட்ட தலைப்பு. நானும் இசைந்து, நம் ஆண்டு மலர்கள் ஒன்பதையும் எடுத்துவைத்துக் குறிப்பெழுதத் தொடங்கினேன். இதற்கிடையில் சென்ற மார்கழி மாதக் கூட்டத்தில் சார்லி சாப்ளினின் 'தி கோல்ட் ரஷ்' என்னும் ஊமைப்படத்தைத் திரையிட்டீர்கள். அன்றிலிருந்து என் குறிப்புகள் யாவும் அந்தப் படத்தையே சுற்றிவரத் தொடங்கிவிட்டன. செயலாளரிடம் சொன்னேன், 'உங்கள் விருப்பம் அம்மா' என்று பெருந்தன்மையோடு விட்டுவிட்டார். அவர் முகத்தில் சிறிது கலக்கம் தெரிந்தது என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. தமிழ் கற்பிக்கும் ஒருத்தி கவிஞர் அவையில் அயல்நாட்டுச் சிரிப்புப் படத்தைப் பற்றிப் பேசலாமா என்ற ஐயம் உங்களுக்கும் எழக்கூடும். மெய்ப்பாட்டைப் பற்றிப் பேச, வாய் பேசாத ஒருவனைவிட நல்ல சான்று எனக்குக் கிடைக்கவில்லை.

படம் 1925ஆம் ஆண்டு ஜூன் மாதம் வெளிவந்தது, நூறாண்டு கடந்துவிட்டது. 1942இல் சாப்ளின் தம் குரலையும் தாமே அமைத்த இசையையும் சேர்த்து மறுவடிவம் ஒன்றை வெளியிட்டார். நாம் பார்த்தது பழைய ஊமை வடிவம்.

கதையின் பின்னணி உண்மை வரலாறு. 1896 ஆகஸ்டு மாதம் கனடாவின் வடமேற்கு மூலையில், கிளாண்டைக் ஆற்றில் கலக்கும் ஓடை ஒன்றில் பொன் கண்டெடுக்கப்பட்டது. மறு ஆண்டு ஜூலையில் பொன்னேற்றிய கப்பல் சியாட்டில் துறைமுகத்தை அடைந்ததும் ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் வீடு வாசல் விட்டுக் கிளம்பினர் என்பர். போய்ச் சேர்ந்தவர் முப்பதாயிரம், நாற்பதாயிரம் பேரே. ஓராண்டுக்கு வேண்டிய உணவு இல்லாதவர் எல்லையைக் கடக்கலாகாது என்று கனடாக் காவலர் தடுத்ததால், ஆளுக்கு ஏறத்தாழ ஒரு டன் சுமையைப் பகுதி பகுதியாக முதுகில் ஏற்றி, சில்கூட் கணவாயின் பனிப்படிகளில் பலமுறை ஏறி இறங்கினர். அங்கே போனால், நல்ல நிலங்கள் யாவும் முன்னரே பங்கிடப்பட்டிருந்தன. மண்வெட்டியும் மாவும் கம்பளியும் விற்ற சியாட்டில் வணிகர்களே செழித்தனர். 1899இல் வேறொரு கடற்கரையில் பொன் என்ற செய்தி வந்ததும் கூட்டம் அங்கே ஓடிற்று.

பொன் கண்டெடுக்கப்பட்ட அதே 1896இல், இலண்டன் மாநகரில் ஏழு வயதுச் சிறுவன் ஒருவன் தன் தாயோடும் அண்ணனோடும் ஏழையர் விடுதியில் சேர்க்கப்பட்டான். அந்தச் சிறுவன்தான் பிற்காலத்தில் இந்தப் படத்தை எடுத்தவன். பசியை அவன் நூலில் படித்து அறிந்தவன் அல்லன்.

படத்தைக் காண என் மாணவியர் சிலரையும் அழைத்து வந்திருந்தேன். விளக்கு எரிந்ததும் ஒவ்வொருவரும் தமக்குப் பிடித்த காட்சியைச் சொன்னார்கள். எர்ணாவூரிலிருந்து வரும் ஒரு பெண் மட்டும், "மேம், படம் முச்சூடும் அவரு தங்கமே தோண்டலியே?" என்றாள். நான் திகைத்துப்போனேன். பலமுறை பார்த்த படம். இது என் கண்ணில் படவில்லை. வீட்டுக்குப் போய் மறுபடியும் பார்த்தேன். அவள் சொன்னது சரி. பொன்மலையை முதலில் காண்பவன் பிக் ஜிம் என்னும் முரட்டு மனிதன். அவன் மண்டையில் அடிபட்டு, இடத்தை மறந்துவிடுகிறான். நம் நாயகனோ கரடிக்கு முன்னால் நடக்கிறான், பசியால் வாடுகிறான், காதலிக்கிறான், ஏமாறுகிறான். கடைசியில் புயல் குடிசையையே தூக்கிச் சென்று மலை விளிம்பில் வைக்கிறது. உயிர் தப்பி வெளியே விழுந்த இடத்தில் பொன் இருக்கிறது; அடுத்த காட்சியில் இருவரும் கோடீசுவரர்கள். சாப்ளின் மண்வெட்டி பிடித்து உருப்படியாக ஒரு வேலை செய்வது, ஊருக்குள் கடை வாசலில் பனி அள்ளும்போதுதான். ஒரு வாசலில் அள்ளிய பனியை அடுத்த வாசலில் கொட்டி, அந்த வாசற்காரரிடமும் கூலி பேசிக்கொள்கிறான். காதலிக்கும் அவள் தோழியர்க்கும் புத்தாண்டு விருந்து வைப்பதற்குப் பணம் வேண்டுமே!

அந்தப் பனியைப் பற்றிச் சொல்ல வேண்டும். தொடக்கக் காட்சிகளைக் கலிபோர்னியாவின் டிரக்கி என்னும் மலையூரில் 1924இல் உண்மைப் பனியில் எடுத்தார்கள். கணவாயில் எறும்புச் சாரி போல ஏறும் மனிதர்கள் ஏறத்தாழ 600 பேர். சாக்ரமெண்டோ நகரின் வேலையற்றவர்களையும் நாடோடிகளையும் ரயிலில் கூட்டிவந்து ஏறச் செய்தார்கள். பொன் தேடிப் போன ஏழைகளாக நடித்தவர்கள், அன்றைக்கு ஒரு வேளைச் சோறும் கூலியும் தேடி வந்த ஏழைகள். எஞ்சிய படத்தின் பெரும்பகுதி ஹாலிவுட் படப்பிடிப்பு நிலையத்தில் போட்ட மலையில் எடுக்கப்பட்டது. அந்த மலைக்குப் பனியாக 285 டன் உப்பும் 100 பீப்பாய் மாவும் கொட்டினார்கள் என்று கணக்குக் கூறுகிறது. நான் இதைச் சொன்னதும் அந்தப் பெண் சற்றுநேரம் பேசாமலிருந்து, "இவ்ளோ உப்ப யாரு மேம் வாரியிருப்பாங்க?" என்று கேட்டாள். அத்திப்பட்டுப் பக்கத்து உப்பளத்தில் அவளுடைய ஆயா உப்பு வாரியவர். இன்று அந்தக் கடற்கரையில் அனல்மின் நிலையங்களும், 2001இல் இயங்கத் தொடங்கிய துறைமுகமும் நிற்கின்றன. உப்பளங்கள் சுருங்கிவிட்டன. ஆற்றோரம் படிந்து கிடக்கும் நிலக்கரிச் சாம்பலை முதன்முதலாகக் காண்பவர்க்கு அதுவும் ஒருவகைப் பனியாகத்தான் தோன்றும்.

இனிப் படத்தின் உயிரான காட்சிக்கு வருகிறேன். புயலில் அடைபட்ட குடிசையில் இரண்டு பேர், உண்ண ஒன்றுமில்லை. சாப்ளின் தன் காலணி ஒன்றைக் கழற்றி வேகவைக்கிறான். தேர்ந்த சமையற்காரனைப் போல வெந்துவிட்டதா என்று குத்திப் பார்க்கிறான். தட்டில் வைத்து, மேல்தோலையும் அடித்தோலையும் பக்குவமாகப் பிரிக்கிறான். கயிற்றை நூடுல்ஸ் போலச் சுற்றி வாயில் இடுகிறான். ஆணிகளைக் கோழி எலும்பு போல உறிஞ்சி வரிசையாக வைக்கிறான். (அந்தக் காலணி அதிமதுரத்தால் செய்யப்பட்டது. திரும்பத் திரும்ப எடுத்ததில் நடிகர்களின் வயிறு கெட்டுப்போனதாம். அதிமதுரத்தின் குணம் அறிந்த நம் பாட்டிமார்க்கு இது வியப்பளிக்காது.) மேல்நாட்டு மலைப்பயணிகள் 1846ஆம் ஆண்டின் குளிர்காலத்தில் பனியில் அகப்பட்டு, தோலைத் தின்று, பின்னர் இறந்தவர் உடலையும் தின்ற கொடுமையைச் சாப்ளின் படித்திருந்தார்; அந்தக் கொடுமையிலிருந்தே இந்த நகை பிறந்தது. இன்னொன்றையும் கவனியுங்கள். காலணியைத் தின்றுவிட்டதால் ஊருக்குள் வந்த பிறகும் அவன் ஒரு காலில் துணியைச் சுற்றிக்கொண்டே நடக்கிறான். நாம் சிரித்துவிட்டு மறந்த பசியை, அந்தக் கால் மறக்க விடுவதில்லை.

தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் எண்வகை மெய்ப்பாடுகளைச் சொல்லி, ஒவ்வொன்றும் பிறக்கும் நிலைக்களன்களையும் நந்நான்காக வகுத்துரைத்தார். எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்பன நகைக்கு உரியவை. வறுமையை அவர் வைத்த இடம் அழுகை. செல்வத்தை வைத்த இடம் உவகை. இந்தப் பகுப்பைக் கையில் வைத்துக்கொண்டு படத்தைப் பார்த்தால் ஒன்று விளங்குகிறது. கதை வறுமையில் தொடங்கிச் செல்வத்தில் முடிகிறது. ஆகவே அழுகையில் தொடங்கி உவகையில் முடிய வேண்டும். ஆனால் நகை முழுவதும் அழுகைக்குரிய நிலத்திலேயே விளைகிறது. செல்வம் வந்தபின் நகை வற்றிப்போகிறது. எஞ்சும் ஓரிரு சிரிப்பும் பழைய வறுமையின் எச்சமே. கப்பலில் உயர்ந்த கம்பளி அங்கியைக் கழற்றினால் உள்ளே இன்னோர் அங்கி; குளிர் பழகிய உடம்பு அவனுக்கு! தரையில் கிடக்கும் சுருட்டுத் துண்டைக் கண்டதும் கை தானாகக் குனிகிறது. செய்தியாளர்க்காகப் பழைய கந்தலை உடுத்திப் படம் எடுத்துக்கொள்ளும்போது கீழ்த்தளத்தில் உருண்டு விழுகிறான். காதலி அவனைச் சீட்டில்லாமல் ஏறியவன் என்று எண்ணி மறைத்து, தானே பயணக்கட்டணம் தருவதாகச் சொல்கிறாள். அவள் அன்பு வெளிப்படுவதற்கு அவன் மறுபடியும் ஏழையாக வேண்டியிருக்கிறது.

நம் பழம்பாட்டுகளில் திடீர்ச் செல்வத்திற்குப் பஞ்சமில்லை. ஆற்றுப்படைகள் பெரும்பாலும் அதைப் பற்றியவையே. சிறுபாணாற்றுப்படையில் நல்லூர் நத்தத்தனார் காட்டும் அடுக்களையை நீங்கள் அறிவீர்கள். கண் திறவாத குட்டிகளோடு நாய் ஈன்று கிடக்கும் அட்டில். பசியால் வாடிய பெண் குப்பையில் முளைத்த கீரையைக் கிள்ளி, உப்பும் இன்றி வேகவைத்து, ஊரார் கண்டால் நாணம் என்று கதவை அடைத்துவிட்டுச் சுற்றத்தோடு உண்கிறாள். அதே பாட்டின் வழியில்தான் உமணரின் உப்பு வண்டிகள் சாரிசாரியாகப் போகின்றன. அவர்கள் பிள்ளைகளோடு மந்தி விளையாடுகிறது. உப்பு வண்டி போகும் பாட்டில் உப்பில்லாக் கீரை! பல ஆண்டுகள் இப்பாட்டை வகுப்பில் நடத்தியும் இவ்விரண்டையும் சேர்த்துப் பார்க்கத் தவறியிருக்கிறேன். எர்ணாவூர்ப் பெண்ணின் கேள்விக்குப் பிறகே சேர்த்துப் பார்த்தேன்.

சிரிப்புக்குப் பொருநராற்றுப்படை இருக்கிறது. கரிகாலன் அளித்த விருந்தில் இரவும் பகலும் இறைச்சி தின்று, கொல்லை உழுத கொழுவைப் போலப் பல் தேய்ந்துபோனது என்று பொருநனே சொல்கிறான். இவற்றினும் சிறந்தது புறநானூற்றின் 378ஆம் பாட்டு. ஊன்பொதி பசுங்குடையார் இளஞ்சேட்சென்னியிடம் அளவிறந்த அணிகலன்களைப் பரிசாகப் பெற்று வருகிறார். வறுமையே கண்ட சுற்றம் அவற்றை எங்கே அணிவது என்று அறியாமல் விரலுக்குரியதைச் செவியிலும், செவிக்குரியதை விரலிலும், இடைக்குரியதைக் கழுத்திலும், கழுத்துக்குரியதை இடையிலும் மாட்டிக்கொள்கிறது. இராவணன் கவர்ந்து சென்றபோது சீதை எறிந்த அணிகளைக் கண்டெடுத்த குரங்குக் கூட்டம் போல, என்கிறார் புலவர். ஓயாத நகையைப் பெற்றோம் என்றும் சொல்கிறார். 'பெற்றோம்' என்பது கருதத்தக்கது. அவர் வேறு, சிரிக்கப்படுபவர் வேறு அல்லர். அது அவருடைய சொந்தச் சுற்றம். மெய்ப்பாடு தன்னிடமும் தோன்றும், பிறனிடமும் தோன்றும் என்று உரையாசிரியர்கள் பிரித்து விளக்கியதன் பயன் இங்கே புலனாகிறது. அரசவையில் இருந்த ஒருவன் இதே பாட்டைப் பாடியிருந்தால் அது வெறும் ஏளனம். இரண்டு கம்பளி அங்கிகளை ஒன்றன்மேல் ஒன்றாக அணிந்த சாப்ளினை நான் இந்தப் பாட்டின் அருகில் வைக்கிறேன்.

நம் திரைப்படங்களிலும் திடீர்ச் செல்வம் உண்டு. அண்ணா எழுதி, கலைவாணர் நடித்த 'நல்லதம்பி' (1949), முப்பது நாளில் முப்பது கோடி செலவழிக்க வேண்டிய 'அருணாச்சலம்' (1997) ஆகியவை உடனே நினைவுக்கு வருவன. இவற்றில் செல்வம் முன்னோர் விட்டுச் சென்ற சொத்தாக வருகிறது. மண்ணைக் கிளறி வருவதில்லை.

மண்ணைக் கிளறிய கதை தமிழர்க்கு இல்லாமலில்லை. நீலகிரியின் மேற்குச் சரிவில் தேவாலா, பந்தலூர் என்னும் ஊர்கள் இருக்கின்றன. அங்கே பணியரும் குறும்பரும் ஓடை மணலை அரித்துச் சிறிதளவு பொன் எடுத்து வந்தார்கள். ஆஸ்திரேலியாவிலிருந்து வரவழைக்கப்பட்ட பிரோ ஸ்மித் என்பவர் 1880இல் நம்பிக்கையூட்டும் அறிக்கை ஒன்றை அளித்தார். இலண்டனில் வயநாட்டுப் பொன்னின் பெயரால் நிறுவனங்கள் புற்றீசல் போலக் கிளம்பின. நொடித்துப்போன காப்பித் தோட்டங்களைத் துரைமார்கள் பொன்விளையும் நிலம் என்று பெருவிலைக்கு விற்றுத் தப்பினார்கள். இயந்திரங்கள் காட்டுக்குள் வந்தன. பாறையை அரைத்துப் பார்த்தால், கிடைத்த பொன் செலவுக்கும் காணவில்லை. 1882க்குள் எல்லாம் அடங்கிவிட்டது. சாப்ளின் படத்தைவிடச் சிறந்த சிரிப்புக் கதை இதில் கிடக்கிறது, எடுப்பார்தாம் இல்லை.

கோலாரில் அப்படிச் சிரிக்க முடியவில்லை. அங்கே உண்மையிலேயே பொன் இருந்தது. 1880இல் ஜான் டெய்லர் நிறுவனம் கால்வைத்தது முதல் 2001 பிப்ரவரி 28ஆம் நாள் மூடப்பட்டது வரை ஏறத்தாழ 800 டன் பொன்னை எடுத்திருக்கிறார்கள். சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே போயிற்று. கீழே இறங்கியவர்கள் பெரும்பாலும் வடார்க்காடு, சேலம் மாவட்டத்துத் தமிழர்கள். அவர்களிலும் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட மக்கள். 1856இல் நம் இராயபுரத்திலிருந்து வாலாஜா வரை ஓடத் தொடங்கிய ரயில் பாதை 1864இல் பெங்களூர் வரை நீண்டது. அதிலிருந்து பிரிந்த கிளைப்பாதை சுரங்கத்து ஊரான மாரிக்குப்பத்தில் முடிகிறது. படத்தில் பொன்னைத் தோண்டாதவன் கோடீசுவரன் ஆகிறான். கோலாரில் நான்கு தலைமுறை தோண்டியவர்களுக்குக் கிடைத்தது கூலி. வேலை முடிந்து மேலே வரும்போது உடம்பைச் சோதித்து வெளியே விட்டார்கள். இன்று அங்கே குன்று குன்றாக நிற்பது அரைத்துக் கொட்டிய சயனைடு மண்.

உடம்பைச் சோதிப்பது என்றதும் என் தந்தையாரை நினைக்காமல் இருக்க முடியவில்லை. அவர் துறைமுகத்தில் தினக்கூலியாகச் சுமை தூக்கியவர். 1960களின் நடுவில் அமெரிக்கக் கோதுமை கப்பல் கப்பலாக வந்த காலம். கப்பலின் அடித்தளத்தில் இறங்கிக் கோதுமையைச் சாக்கில் நிரப்பும் வேலை. வீட்டில் அரிசி இல்லை. மூர் மார்க்கெட்டில் வாங்கிய பழைய காக்கிக் கால்சட்டை; யாரோ ஆறடி மனிதனுக்குத் தைத்தது. என் தந்தையார் குட்டை. ஆகவே கீழே மூன்று மடிப்பு மடித்துக்கொள்வார். நாள் முழுவதும் வேலை செய்தால் மடிப்பில் கோதுமை தானாக விழுந்து நிறையும். வாயிலில் பையைத் தடவிப் பார்ப்பார்கள். மடிப்பைப் பார்க்க எவர்க்கும் தோன்றவில்லை. வீட்டுக்கு வந்ததும் என் ஆயா முறத்தை நீட்டுவார். தந்தையார் ஒற்றைக்காலில் நின்று மற்றக் காலை முறத்தின்மேல் உதறுவார். பிறகு கால் மாற்றி உதறுவார். "இந்தக் காலு ஒரு புடி, அந்தக் காலு ஒரு புடி. மூணாவது காலு இல்லாமப் போச்சே!" நாங்கள் பிள்ளைகளாக இருந்தபோது அவர் இதை நடித்துக் காட்டாத மாதமில்லை. ஒவ்வொரு முறையும் வயிறு வலிக்கச் சிரிப்போம்.

இவ்வட்டத்தின் இரண்டாம் ஆண்டு விழாவில் நான் படித்த கவிதை சிலர்க்கு நினைவிருக்கலாம். அந்தக் கோதுமையைப் பற்றியதுதான். அதில் மடிப்பு உண்டு, கண்ணீர் உண்டு, இரவில் வேகாத தானியம் உண்டு, அமெரிக்காவும் உண்டு. மூன்றாவது கால் இல்லை. அவையில் பலர் கண் கலங்கினர். எனக்குப் பொன்னாடையும் போர்த்தினீர்கள். என் தந்தையார் கடைசி வரிசையில் அமர்ந்திருந்தார். திருவொற்றியூரிலிருந்து ஷேர் ஆட்டோவில் திரும்பும்போது, சுங்கச்சாவடி தாண்டும்வரை பேசவில்லை. பிறகு, "இன்னாம்மா, நான் சிரிச்சிகினு சொன்னத நீ அழுதுகினு படிக்கற?" என்றார். கோபம் இல்லை, உண்மையாகவே விளங்காமல்தான் கேட்டார். அப்போது நான் ஏதோ இலக்கியக் கொள்கை கூறி மழுப்பினேன். மூன்றாண்டுகளுக்கு முன் அவர் மறைந்தார். சென்ற மார்கழியில் சாப்ளின் காலணியிலிருந்து ஆணியைப் பிரித்து வரிசையாக வைத்தபோதுதான் அந்தக் கேள்வி எனக்கு விளங்கிற்று.

முதல் தலைப்புக்காக நம் மலர்களில் வறுமை பேசும் கவிதைகளைக் குறித்துவைத்தேன் என்று சொன்னேன் அல்லவா? ஏராளமாக இருக்கின்றன. மீனவர், சுமைகூலி, தீப்பெட்டிக்கு அட்டை ஒட்டும் பெண், ஆலை மூடிய பின் தெருவில் நின்றவர் என எல்லாரும் வருகிறார்கள். அவர்களில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. என் கவிதையையும் சேர்த்தே சொல்கிறேன். எவரும் வருந்த வேண்டா. காசிமேட்டு ஏலக்கூடத்தில் அதிகாலை அரைமணி நேரம் நின்றவர்க்கு, அந்த மக்கள் எவ்வளவு கூர்மையாகச் சிரிக்கத் தெரிந்தவர்கள் என்பது தெரியும். அந்தச் சிரிப்பைக் கேட்டுவிட்டு வீட்டுக்கு வந்து ஒப்பாரியாக எழுதுகிறோம். அழுகை அவர்களுடையது என்று சொல்கிறோம். பல வேளைகளில் அது எழுதுகிறவர்களுடையதாக இருக்கிறது.

இதற்கு எதிர்வாதம் உண்டு என்பதை நான் மறக்கவில்லை. ஏழையைச் சிரிக்கவைத்தால் வயிறு நிறைந்தவன் நிம்மதியாக உறங்கிவிடுவான் என்று நம் மூத்த கவிஞர் ஒருவர் அன்றைய கூட்டத்திலேயே சொன்னார். 1925இல் சாப்ளின் பெருஞ்செல்வர். டிரக்கிப் பனியில் ஏறிய அந்த 600 பேர் மறுநாள் என்ன உண்டனர் என்று படம் சொல்லவில்லை. திரைப்படத்தில் பொன் காற்றில் வந்து கிடைப்பது ஒரு பொய்தான். லாட்டரிச் சீட்டு இங்கே 2003இல் தடை செய்யப்படும்வரை நம் தெருக்களில் எத்தனை சம்பளத்தை அந்தப் பொய் விழுங்கியது என்று கண்டவர்கள் நாம். அவர் கூறியதை நான் முழுவதும் மறுக்கவும் இல்லை. ஆனால் காலணிக் காட்சி அந்தப் பொய்யைச் சேர்ந்ததன்று. அதில் பசி பசியாகவே இருக்கிறது. பசித்தவன் தன் மரியாதையை விட்டுக்கொடுக்காமல் உண்கிறான், அவ்வளவே. கதவை அடைத்துக்கொண்டு உப்பில்லாக் கீரை உண்டவளின் நாணமும் அதுதான் என்று எனக்குப் படுகிறது.

நாம் கூடியிருக்கும் இந்த ஊரில், கடலோரத்தில், பட்டினத்தார் அடங்கிய இடம் இருக்கிறது. கடல் வாணிகம் போன மகன் வறட்டியும் தவிடும் கொண்டுவந்தான் என்று சினந்து எறிந்த தந்தை, உடைந்த வறட்டிக்குள் மணிகளைக் கண்டு திகைத்த கதையை எல்லாரும் அறிவோம். காதற்ற ஊசியை மட்டுமே நினைவில் வைத்து, அந்த வறட்டிக் காட்சியின் நகையை நாம் விட்டுவிட்டோம். யாரேனும் ஒரு கவிஞர் எடுத்துக்கொள்ளலாம்.

இவ்விழா மலருக்கு என் கோதுமைக் கவிதையையே மீண்டும் தரும்படி பதிப்புக் குழுவினர் கேட்டார்கள். மூன்றாவது காலை அதில் எங்கே வைப்பது என்று இரண்டு மாதமாகத் தேடிக்கொண்டிருக்கிறேன். இன்னும் இடம் அகப்படவில்லை. ஆகவே கவிதைக்கு மாற்றாக இந்த உரையை ஏற்றுக்கொள்ளும்படி அவர்களை வேண்டிக்கொள்கிறேன்.